எதிருரையில் ஒரு சொல்

வீடு,
ஞாயிற்றுக்கிழமை.

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. நானும் அம்மாவும் நலம். அம்மாவின் முழங்கால் மட்டும் அவ்வப்போது மக்கர் பண்ணுகிறது. நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா, வெல்டிங் செய்யும்போது கண்ணாடியை ஒழுங்காகப் போட்டுக்கொள்கிறாயா என்று கேட்கச் சொன்னாள். கேட்டுவிட்டேன். பதில் எழுதும்போது இதற்கும் ஒரு வரி எழுது. இல்லாவிட்டால் நான் கேட்கவே இல்லை என்று சாதிப்பாள்.

போனிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் நீ வேலை செய்யும் தளத்தில் லைன் கிடைக்கிற நேரத்தில் "சரிக்கா, பார்க்கலாம்க்கா" என்பதற்கு மேல் உன் வாயிலிருந்து ஒன்றும் வருவதில்லை. இது பார்க்கலாம் என்று தள்ளிப்போடுகிற சமாசாரம் இல்லை. அதோடு எனக்கு உன் கையெழுத்து வேண்டும். கையெழுத்து போனில் வராது.

அண்ணன் நம் மூன்று பேர் மேலும் வழக்குப் போட்டுவிட்டார். கோர்ட்டு ஆள் சம்மனோடு வந்தபோது நான் வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். மின்சார ஆபீஸிலிருந்து வந்திருக்கிறார் என்று நினைத்து அம்மா அவருக்கு நாற்காலி போட்டு, தண்ணீர் கொடுத்து, போன மாதம் விளக்கு மினுக்கியதைப் பற்றி முறையிட்டுக்கொண்டிருந்தாள். அந்த மனிதரும் பாவம், தலையை ஆட்டிக்கொண்டே உட்கார்ந்திருந்தார். அம்மா ஒன்றாம் பிரதிவாதி, நான் இரண்டாம் பிரதிவாதி, நீ மூன்று. அண்ணன் வாதி. (இந்தக் கடிதம் முழுக்க அவருக்கு மரியாதை போட்டே எழுதுகிறேன். முடித்ததும் அம்மா வாசித்துக் காட்டச் சொல்வாள்.)

அவர் சொல்வது இதுதான். அப்பா இந்த வீட்டை முழுக்க அவருக்கே உயில் எழுதி வைத்துவிட்டாராம். நானும் அம்மாவும் அவர் தயவில் குடியிருக்கிறோமாம். காலி செய்துகொடுக்க வேண்டுமாம். உயிலை அப்பா "நல்ல நினைவோடும் சித்த சுவாதீனத்தோடும்" எழுதினாராம். தேதியை இரண்டு தடவை பார்த்தேன். அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நடந்த நாள் அது. நான் அவளோடு ஆஸ்பத்திரியில் இருந்தேன். நீ லீவில் வந்து அப்பாவைப் பார்த்துக்கொண்டாய். அண்ணன் காரோடு வந்து, டாக்டரிடம் காட்டிவிட்டுக் கொண்டுவந்து விடுகிறேன் என்று அப்பாவை அழைத்துப் போனாரே, அந்த நாள். திரும்பி வந்தபோது அப்பாவின் கட்டைவிரலில் மை இருந்ததாகவும் நீ சோப்புப் போட்டுக் கழுவியதாகவும் அன்று மாலையே என்னிடம் சொன்னாய். ஆஸ்பத்திரியில் ஏதாவது பட்டிருக்கும் என்று இரண்டு பேரும் விட்டுவிட்டோம். அந்த மை இப்போது உயிலின் அடியில் இருக்கிறது.

எந்த டாக்டர் கிறுக்கினாலும் படித்து மருந்து எடுத்துக் கொடுத்த மனிதர் அப்பா. அவர் மருந்துக்கடையின் ரசீதில் கையெழுத்துப் போட்டால் அச்சடித்தது போல இருக்கும். அவரிடம் போய்க் கைநாட்டு வாங்கியிருக்கிறார்கள். அந்த மாதம் அப்பா இருந்த இருப்பு உனக்குத் தெரியாததா? செருப்பைத் துடைத்து அலமாரியில் துணிகளோடு அடுக்கினார். என்னைப் பார்த்து, "நீ யாரு வீட்டுப் பொண்ணும்மா?" என்றார். நான் அடுக்களைக்குப் போய் அழுதுவிட்டு வந்து, பக்கத்து வீட்டுப் பொண்ணு என்று சொன்னேன். சந்தோஷப்பட்டார்.

டயர் கடைக்கு மேல் மாடியில் ஆபீஸ் வைத்திருக்கும் வக்கீலம்மாவைப் பிடித்திருக்கிறேன். கறாரான மனுஷி. நாம் கொடுக்க வேண்டிய பதிலுக்கு எதிருரை என்று பெயராம். வாதி சொன்னதில் எதையெல்லாம் நாம் மறுக்கவில்லையோ அதையெல்லாம் ஒப்புக்கொண்டதாகக் கோர்ட்டு எடுத்துக்கொள்ளுமாம். நம் வீட்டில் பெரியவர்கள் கத்தும்போது வாயை மூடிக்கொண்டிருந்தால் நல்ல பிள்ளை. அங்கே வாயை மூடிக்கொண்டிருந்தால் ஆமாம் என்று அர்த்தம். இதற்குக் கெடு உண்டு, கெடு தாண்டினால் காரணம் கேட்பார்கள், காரணமும் எடுபடாவிட்டால் கதவு சாத்தியது சாத்தியதுதான் என்று அவர் இரண்டு தடவை சொன்னார்.

அம்மாவும் நானும் மட்டும் கையெழுத்துப் போட்டால் போதாதா என்று கேட்டேன். அன்றைக்கு அப்பாவோடு இருந்தது உங்கள் தம்பி, அவர் பேசாமல் இருந்தால் ஆஸ்பத்திரியில் இருந்த உங்கள் இரண்டு பேர் பேச்சை யார் கேட்பார்கள் என்றார். அதனால் அவர் எழுதிய எதிருரையை இத்துடன் வைத்திருக்கிறேன். பென்சிலால் குறித்த இடங்களில் கையெழுத்துப் போட்டு, அடுத்த தபால் வண்டியிலேயே அனுப்பு. ஆற அமர யோசிக்கிற வேலை வேண்டாம்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் நலம் விரும்பும்,
அக்கா

*

வீடு,
வியாழக்கிழமை.

அன்புள்ள தம்பிக்கு ஆசிகள்.

உன் கவர் வந்தது. வேலை செய்கிற இடத்துக்கே எடுத்துப்போய்ப் பிரித்தேன். ஆஸ்பத்திரிச் சலவைக்கூடம் எப்படி இருக்கும் என்று உனக்குத் தெரியும். இயந்திரங்களின் இரைச்சலில் பக்கத்தில் நிற்பவள் பேசுவது கேட்காது. அது நல்லதாய்ப் போயிற்று. காகிதத்தைப் பார்த்ததும் நான் உன்னைத் திட்டியது யார் காதிலும் விழவில்லை.

கையெழுத்து இருக்க வேண்டிய இடம் காலி. "எங்கள் தந்தை சித்த சுவாதீனம் இழந்திருந்தார்" என்ற வரியின் மேல் சிவப்பு மையில் கோடு. அப்பாவைப் பைத்தியம் என்று எழுதிக் கொடுத்துவிட்டு அவர் படத்தை எப்படிப் பார்ப்பது என்று ஓரத்தில் கேட்டிருக்கிறாய். எனக்குக் கோபம் மண்டைக்கு ஏறியது. ஆனால் உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது? அந்த வரி அடிபட்டிருப்பதைப் பார்த்தபோது ஒரு நிமிஷம் நிம்மதியாகவும் இருந்தது. நானும் அதைப் படிக்காமல்தான் கையெழுத்துப் போட்டிருந்தேன்.

அன்று மத்தியானமே வக்கீலம்மாவிடம் போனேன். சட்டத்தில் அந்தச் சொல்லுக்குப் பைத்தியம் என்று பொருள் இல்லையாம். தான் செய்வது இன்னதென்று தெரியாத நிலை, அவ்வளவுதானாம். சட்டத்துக்கு அப்படி, தெருவுக்கு அப்படி இல்லையே என்றேன். நீ எழுதியிருந்த "வயோதிகத்தால் அயர்ந்திருந்தார்" என்பதைக் காட்டினேன். அயர்ந்திருந்தார் என்றால் தூங்கிக்கொண்டிருந்தாரா என்று நீதிபதி கேட்பார் என்றார். குமாஸ்தா சிரித்துவிட்டார், எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அம்மா தன் பங்குக்கு, மறதி என்று போடு, அவருக்கு மறதிதானே என்று சொல்லி அனுப்பியிருந்தாள். சாவியை எங்கே வைத்தோம் என்று தேடுகிறவர்களுக்கும் மறதிதான், மறதிக்காரர் உயில் எழுதக்கூடாது என்று எங்கேயும் இல்லை என்று அதையும் தள்ளிவிட்டார்.

கடைசியில் "முதுமை மறதி நோயினால் தம் செயலின் விளைவை அறிய இயலாத நிலையில் இருந்தார்" என்று எழுதியிருக்கிறார். இதற்கு மேல் இறங்கி வர மாட்டேன் என்றும் சொல்லிவிட்டார். எனக்கு இது கண்ணியமாகத்தான் படுகிறது. அப்பா கூட இதைப் படித்திருந்தால் தமிழ் சரியாக இருக்கிறது என்றிருப்பார்.

இதற்கிடையில் கோர்ட்டில் வாய்தா வாங்கியிருக்கிறது. குமாஸ்தா போன் பண்ணி "வாய்தா கிடைச்சிடுச்சும்மா" என்று சொல்லும்போதெல்லாம் அம்மா ஏதோ ஜெயித்துவிட்டது போல முகம் மலர்கிறாள். அது நாம் பதில் கொடுக்காததற்குக் கிடைத்த தவணை, நமக்கிருக்கும் நாளைத்தான் தின்கிறது என்று நான் விளக்கவில்லை. நீயாவது புரிந்துகொள்.

அண்ணனை பஸ் நிறுத்தத்தில் பார்த்தேன். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அவராகவே வந்து அம்மாவுக்கு முழங்கால் எப்படி இருக்கிறது என்று விசாரித்தார். அவளை வீட்டை விட்டு வெளியேற்றச் சொல்லி எழுதிக் கொடுத்தவர் கேட்கிற கேள்வியா இது? பரவாயில்லை என்றுதான் சொல்ல முடிந்தது. அம்மாவிடம் சொன்னபோது, கேட்டானா, கேட்டானா என்று நாலு தடவை கேட்டாள்.

கையெழுத்தைப் போட்டு உடனே அனுப்பு. இனிமேல் ஒரு எழுத்தைக்கூட அடிக்காதே. உன்னைக் கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன்.

அன்புடன்,
அக்கா

*

வீடு,
செவ்வாய்க்கிழமை.

அன்புள்ள தம்பிக்கு,

நலம் எல்லாம் பிறகு.

இரண்டாம் பிரதியிலும் நீ கை வைத்து அனுப்பினாயே, அதைப் பார்த்து வக்கீலம்மா தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். "எனினும் எங்கள் தந்தை இறுதிவரை தெளிந்த அறிவுடையவராகவே விளங்கினார்" என்று ஒரு வரியை நீயாகச் சேர்த்திருந்தாய். கையெழுத்தும் போட்டிருந்தாய். இதைத் தாக்கல் செய்வதற்கு நீங்களே சாவியைக் கொண்டுபோய் உங்கள் அண்ணனிடம் கொடுத்துவிடலாம் என்றார். மறுபடி டைப் அடித்து மூன்றாம் பிரதியை உனக்கு அனுப்பினோம். அது உன்னிடம் வந்து சேருமுன் கோர்ட்டு தேதி வந்துவிட்டது.

நேற்று அரை நாள் லீவு போட்டுவிட்டுப் போனேன். தாழ்வாரத்தில் இருக்கும் பெஞ்சுக்கு ஒரு கால் கிடையாது, செங்கல் முட்டுக்கொடுத்திருக்கிறார்கள். அதன் ஒரு முனையில் நான், மறுமுனையில் அண்ணன். அவர் எழுந்தால் நான் சாய்வேன் என்பதால் அழைக்கும்வரை எழுந்திருக்காமல் உட்கார்ந்திருந்தார். உள்ளே எல்லாம் இரண்டு நிமிஷத்தில் முடிந்துவிட்டது. எதிருரை வந்ததா என்று நீதிபதி கேட்டார். வக்கீலம்மா இன்னொரு வாய்தா கேட்டார். கொடுத்ததெல்லாம் போதும் என்று சொல்லி, ஏதோ எழுதி, அடுத்த வழக்குக் கட்டை எடுத்துவிட்டார். வெளியே வந்த பிறகுதான் எனக்கு விஷயமே விளங்கியது. இனி நம் பக்கத்துப் பேச்சுக்கு அங்கே இடமில்லை. நாம் எதையும் மறுக்கவில்லை என்று ஆகிவிட்டது.

இன்னும் ஒரு வழி இருக்கிறது. தாமதத்தை மன்னித்து எதிருரையை ஏற்றுக்கொள்ளும்படி மனுப் போடலாம். கூடவே, தாமதத்துக்குக் காரணம் சொல்லி சத்தியம் செய்து கொடுக்க வேண்டும். குமாஸ்தா என்னைக் கேட்கவே இல்லை, மூன்றாம் பிரதிவாதிக்கு மஞ்சள் காமாலை என்று அவர் பாட்டுக்கு டைப் அடித்துக்கொண்டு போனார். என் தம்பி நன்றாகத்தானே இருக்கிறான் என்றேன். எல்லாரும் இதைத்தான் போடுவார்கள், பழகிய காரணம், கண்டுகொள்ள மாட்டார்கள் என்றார். ஒரு சொல்லுக்காகக் காகிதம் போய்ப்போய் வந்தது என்று உள்ளதை எழுதக்கூடாதா என்று கேட்டேன். இரண்டு பேரும் என்னைப் பார்த்த பார்வையைப் பார்க்க வேண்டுமே. பல்லைக் கடித்துக்கொண்டு கையெழுத்துப் போட்டேன். உனக்கு வராத நோயை உனக்கு வரவழைத்தது நான்தான், கோபித்துக்கொள்ளாதே.

மூன்றாம் பிரதி இந்நேரம் உன் கையில் இருக்கும். அதில் பழைய சொல்லே இருக்கிறது, சித்த சுவாதீனம் இழந்திருந்தார் என்றே. இனி மென்மையாக எழுதிப் புண்ணியமில்லை என்கிறார் வக்கீலம்மா. கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்துப் போடு. அப்பாவுக்கு ஒன்றும் ஆகிவிடாது. அம்மாவுக்கு இந்தக் கூரை வேண்டும்.

அக்கா

*

வீடு,
வெள்ளிக்கிழமை.

என் அருமைத் தம்பிக்கு,

இந்தக் கடிதத்தை அம்மாவுக்கு வாசித்துக் காட்டப் போவதில்லை. ஆகவே அண்ணனை எப்படிச் சொல்ல வருகிறதோ அப்படித்தான் சொல்லப்போகிறேன்.

நீ கையெழுத்துப் போட்டு அனுப்பிய பிரதி வந்து சேர்ந்தது. ஒரு கோடு இல்லை, ஒரு கிறுக்கல் இல்லை. அதைப் போட எவ்வளவு கஷ்டப்பட்டிருப்பாய் என்று உன் கையெழுத்தைப் பார்த்தாலே தெரிந்தது. அதை மனுவோடு சேர்த்துக் கொடுத்தோம்.

நீதிபதி மனுவைப் படித்துவிட்டு, இந்தக் கோர்ட்டுக்கு வருகிற பிரதிவாதிகள் எல்லாருக்கும் ஈரலில்தான் கோளாறு என்றார். சுற்றி நின்ற வக்கீல்கள் சிரித்தார்கள். பிறகு என்னைப் பார்த்து, எந்த ஆஸ்பத்திரியில் வைத்தியம் பார்த்தீர்கள் என்று கேட்டார். அதட்டிக் கேட்டிருந்தால் சமாளித்திருப்பேனோ என்னவோ. தன்மையாகக் கேட்டார். எனக்குப் பொய் வரவில்லை. எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். அப்பாவுக்கு எங்களை அடையாளம் தெரியாமல் இருந்ததையும், அதற்கு என்ன பேர் வைப்பது என்று எங்களுக்குள் ஒத்துப்போகாததையும் சொன்னேன். வக்கீலம்மா என் முழங்கையைக் கிள்ளியது இன்னும் கன்றியிருக்கிறது.

நீதிபதி முழுக்கக் கேட்டார். அப்படியானால் சத்தியம் செய்து கொடுத்தது பொய்யா என்றார். பிறகு அவரே தொடர்ந்தார். எனக்கு வருத்தமாகத்தான் இருக்கிறது, ஆனால் பொய்யான காரணத்தை நான் ஏற்க முடியாது, நீங்கள் இப்போது சொன்ன காரணம் இதில் இல்லை, இருந்திருந்தாலும் போதாது என்றார். மனு தள்ளுபடி. நீ கையெழுத்துப் போட்ட எதிருரையை யாரும் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. குமாஸ்தா அதை மடித்து என் கையில் கொடுத்தார். அது என் துணிகளுக்கு அடியில் இருக்கிறது.

தீர்ப்பு அன்றைக்கு அம்மாவும் வருவேன் என்று அடம்பிடித்தாள். படியேற முடியாமல் என் தோளைப் பிடித்துக்கொண்டு வந்து நின்றாள். அண்ணன் நாலடி தள்ளி நின்றான். அவள் அவனைப் பார்த்தாள், அவன் மின்விசிறியைப் பார்த்தான். தந்தை நல்ல நினைவோடும் சித்த சுவாதீனத்தோடும் உயில் எழுதினார் என்பதைப் பிரதிவாதிகள் மறுக்கவில்லை, ஆகவே அது உண்மை என்று ஏற்கப்படுகிறது என்று வாசித்தார்கள். வீடு அவனுக்கு. நாம் காலி செய்யத் தவணை கொடுத்திருக்கிறார்கள். தாண்டினால் கோர்ட்டு அமீனா வந்து சாமானை வெளியே வைப்பாராம். மேல்முறையீடு செய்யலாம் என்று வக்கீலம்மா சொல்கிறார், முன்போல அடித்துப் பேசவில்லை. ஆஸ்பத்திரிக்குப் பின்னால் ஓர் அறை பார்த்து வைத்திருக்கிறேன். மாடி அறை. அம்மா எப்படி ஏறுவாள் என்று இன்னும் யோசிக்கவில்லை.

ஆனால் நான் எழுத உட்கார்ந்தது இதற்காக இல்லை.

திரும்பி வரும்போது அம்மா தெளிவாகத்தான் இருந்தாள். கோர்ட்டே சொல்லிவிட்டது பார், அவருக்கு ஒன்றும் இல்லை என்று, நீங்கள்தான் என்னென்னவோ எழுதப் பார்த்தீர்கள் என்று என்னையே குத்திக்காட்டினாள். அப்பா எல்லாரையும் மறந்தாலும் தன்னை மட்டும் மறக்கவில்லை என்று அவளுக்கு ஒரு பெருமை உண்டு, உனக்குத் தெரியுமே. வீடு போனதுகூட அவளுக்கு உறைக்கவில்லை என்று நினைத்தேன். சாயங்காலம் கொடியிலிருந்து எடுத்த துணியை மடித்துக்கொண்டிருந்தவள் பாதியில் நிறுத்தினாள்.

"அப்போ அவரு தெரிஞ்சேதான் என்னை விட்டுட்டாரா?" என்று கேட்டாள்.

நாம் யாருமே இதை யோசிக்கவில்லையடா. அப்பாவுக்கு ஒரு குறையும் சொல்லிவிடக் கூடாது என்று பார்த்துப் பார்த்து நாம் காப்பாற்றிய அந்த நல்ல நினைவோடுதான், அவர் கட்டிய மனைவியை நடுத்தெருவில் விட்டார் என்று இப்போது ஆகியிருக்கிறது. நான் ஓடிப்போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, இல்லவே இல்லை, அன்றைக்கு அவருக்கு ஒன்றுமே தெரியாது என்று சொன்னேன். அவள் என் முகத்தைப் பார்த்தாள்.

"நீ என்கூட ஆஸ்பத்திரியில இருந்தே. உனக்கு என்ன தெரியும்? சின்னவன்தான் பக்கத்துல இருந்தான். அவன் சொல்லட்டும்."

அதற்குப் பிறகு அதைப் பற்றிப் பேசவில்லை. சாப்பிடுகிறாள், தூங்குகிறாள், அண்டை வீட்டார் வந்தால் சிரிக்கவும் செய்கிறாள். ஆனால் அப்பாவின் படத்தைத் துடைப்பதை நிறுத்திவிட்டாள். நான் துடைக்கப் போனால், இருக்கட்டும் விடு என்கிறாள்.

தம்பி, கோர்ட்டுக்கு நீ இனி ஒன்றும் எழுத வேண்டாம். அம்மாவுக்கு எழுது. சட்டத்துச் சொல் எதுவும் வேண்டாம், உன் பேச்சில் எழுது. அன்று காலையில் அப்பா எப்படி இருந்தார், சட்டையை யார் போட்டுவிட்டது, காரில் ஏறும்போது எங்கே போகிறோம் என்று அவருக்குத் தெரிந்ததா, ஆபரேஷனுக்குப் போயிருந்த அவளைத் தேடினாரா, தேடவே இல்லையா, எல்லாவற்றையும் எழுது. அவருக்கு அவளையும் தெரியாமல் போயிருந்தது என்றால் அதையும் எழுது. அது அவளுக்கு வலிக்கும். இப்போது வலிப்பதைவிடக் குறைவாகத்தான் வலிக்கும்.

நீ அன்றைக்கு அவரை ஏன் போகவிட்டாய் என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை. இனியும் கேட்க மாட்டேன். அம்மாவும் கேட்க மாட்டாள், நான் பார்த்துக்கொள்கிறேன். அதற்குப் பயந்துகொண்டு நீ பேசாமல் மட்டும் இருந்துவிடாதே.

எங்கிருந்தாலும் நீ நன்றாக இருக்க வேண்டும், தம்பி.

உன்
அக்கா